கையெழுத்துப் போட்ட பையன்

பினாங்கு

அன்புள்ள ஐயா,

பசியாறினாயா? மெல்பர்னில் குளிர் தொடங்கியிருக்கும், காதை மூடிக்கொண்டு வெளியே போ.

போர்வீரர்களை நினைக்கும் ஆன்சாக் தினத்துக்கு விடுதியில் 'கலிப்போலி' படம் போட்டார்கள், பாதியிலேயே எழுந்து வந்துவிட்டேன், போர்ப் படமெல்லாம் ஒரே மாதிரிம்மா என்று போனில் சொன்னாயே, அது மனதிலேயே நின்றுவிட்டது. நானும் பார்த்தேன். அப்புறம் அதே முதல் உலகப் போரைப் பற்றி 2022-இல் வந்த ஜெர்மன் படம், 'ஆல் கொயட் ஆன் தி வெஸ்டர்ன் ஃபிரண்ட்', அதையும் பார்த்தேன். இரண்டு ராத்திரி தூக்கமில்லை.

சுடுகிற காட்சிகள் எனக்கு அவ்வளவாக நினைவில் இல்லை. அந்த ஜெர்மன் பையன் பால், வீட்டில் விடமாட்டார்கள் என்று பெற்றோர் கையெழுத்தைத் தானே போட்டுவிட்டுக் கூட்டாளிகளோடு சிரித்துக்கொண்டே போருக்குப் போகிறான். கொடுக்கிற சீருடையில் வேறொருவன் பெயர் தைத்திருக்கிறது. செத்தவனுடைய உடுப்பைத் துவைத்து, ஓட்டையை அடைத்து அடுத்தவனுக்குக் கொடுக்கிறார்கள், பார்க்கிற நமக்குத் தெரியும், அவனுக்குத் தெரியாது. வயிற்றைப் பிசைந்தது ஐயா. 'கலிப்போலி'யில் ஆர்ச்சி என்ற பையனும் வயதை மாற்றிச் சொல்லித்தான் படையில் சேருகிறான். ஓட்டப்பந்தயப் பிள்ளை. நீ கடைசிவரை இருந்து பார்த்திருக்க வேண்டும், 1915 ஆகஸ்டில் இயந்திரத் துப்பாக்கிகளுக்கு எதிரே அதே ஓட்டத்தைத்தான் ஓடுகிறான்.

நம் வீட்டிலும் ஒருத்தி அப்படிப் போனாள். என் பாட்டியின் அக்கா. நிபோங் திபால் பக்கம் ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டிக்கொண்டிருந்தவர், 1943-இல் நேதாஜி மலாயா வந்தபோது வீட்டில் சொல்லாமல் அவருடைய பெண்கள் படையான ஜான்சி ராணிப் படையில் சேர்ந்துவிட்டார். வயது 17. அதே படையில் இருந்த ராசம்மா பூபாலன் சேர்ந்தபோது 16தான். இந்தியாவைக் கண்ணால்கூடப் பார்க்காத பிள்ளைகள் எத்தனையோ பேர் அந்த நாட்டு விடுதலைக்காகத் துப்பாக்கி தூக்கினார்கள். பாட்டியின் அக்கா முடியைக் கத்தரித்ததையும் ரயிலில் பாடிக்கொண்டே போனதையும் முகமெல்லாம் சிரிப்பாகச் சொல்வார். பர்மாவில் என்ன நடந்தது என்று கேட்டால் வெற்றிலை எடுக்க எழுந்து போய்விடுவார்.

அவரை ஏமாந்தவர் என்று யாராவது சொன்னால் நான் சும்மா இருக்கமாட்டேன். அந்தச் சிரிப்பு உண்மையான சிரிப்பு. நல்ல படம் அதைக் கேலி செய்யாது, அது எங்கே கொண்டுபோய் விட்டது என்பதையும் மறைக்காது. இந்த இரண்டு படமும் அப்படித்தான் எடுத்திருக்கிறார்கள்.

ஜெர்மன் படத்தை நீயும் பார். அந்தக் கையெழுத்துக் காட்சி வந்ததும் நிறுத்திவிட்டு எனக்குப் போன் போடு. உனக்கு நள்ளிரவென்றால் இங்கே பத்து மணிதான், விழித்திருப்பேன்.

அம்மா