ஹூஜ் களத்துக்குப் பிறகு அந்தக் குதிரைகள் என்ன ஆயின?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பிரிட்டனின் தொண்டர் குதிரைப்படைகளைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். 'யோமன்ரி' என்ற பெயரே தமிழில் அபூர்வமாகத்தான் கண்ணில் படும். அதை எடுத்து எழுதிய கட்டுரையாளருக்கு என் நன்றியைச் சொல்லுங்கள். முதல் உலகப் போரில், 1917 நவம்பர் 8 அன்று, காஸாவுக்கு வடகிழக்கே ஹூஜ் என்ற இடத்தில், வாரிக்‌ஷயர், வொர்ஸ்டர்ஷயர் யோமன்ரிக்காரர்கள் உருவிய வாளோடு துருக்கியப் படையின் பீரங்கி வரிசை மீது பாய்ந்ததோடு கட்டுரை முடிகிறது. முப்பத்தைந்து வருடம் கால்நடை மருத்துவம் பார்த்தவன் நான். பக்கத்தை மூடிய பிறகும் எனக்கு ஒரே கேள்விதான் மிச்சமிருந்தது. அந்தக் குதிரைகள் அப்புறம் என்ன ஆயின?

பாய்ந்தவர்கள் சுமார் 170 பேர். 26 பேர் இறந்தார்கள், 40 பேர் காயம்பட்டார்கள், 11 பீரங்கிகளும் 4 இயந்திரத் துப்பாக்கிகளும் பிடிபட்டன. கட்டுரையில் இந்தக் கணக்கெல்லாம் சரியாக இருக்கிறது. அதே பாய்ச்சலில் சுமார் 100 குதிரைகள் செத்தன என்பது மட்டும் இல்லை. அந்தப் போர்முனையில் சண்டையே பாதி தண்ணீருக்காகத்தான் நடந்தது. எட்டு நாள் முன்பு, அக்டோபர் 31 அன்று, ஆஸ்திரேலியக் குதிரைவீரர்கள் பொழுது சாயும் நேரத்தில் பீர்ஷெபா மேல் பாய்ந்ததற்கு அந்த ஊர்க் கிணறுகள் ஒரு முக்கியக் காரணம். ஒரு குதிரைக்குச் சாதாரண நாளிலேயே முப்பது, நாற்பது லிட்டர் தண்ணீர் வேண்டும். அந்த வாரங்களில் இரண்டு நாளுக்கு மேல் ஒரு சொட்டு இல்லாமல் நடந்த குதிரைகள் நிறைய. முதுகில் ஆள், சேணம், துப்பாக்கி, வாள், தீனி எல்லாம் சேர்த்து 120 கிலோவுக்குக் குறையாது. தண்ணீர் இல்லாத குதிரைக்குக் குடலில் தீனி இறுகிப்போகும். வலி தாங்காமல் அது தரையில் புரள்வதைப் பக்கத்தில் நின்று பார்த்தவர்களுக்குத்தான் அந்தக் கஷ்டம் தெரியும்.

இன்னொரு வரியையும் சொல்லிவிடுகிறேன். யோமன்ரி 'உள்நாட்டு அமைதியைக் காத்தது' என்று கட்டுரை போகிற போக்கில் சொல்கிறது. அதை என்னால் ஏற்க முடியவில்லை. 1794இல் பிரெஞ்சுப் படையெடுப்புக்கும் புரட்சிக்கும் பயந்து இந்தப் படைகளைத் தொடங்கியபோது, சேருகிறவன் சொந்தக் குதிரையோடு வரவேண்டும் என்பது ஏற்பாடு. குதிரை வைத்துத் தீனி போட வசதி உள்ளவன் யார்? நிலக்காரர், அவரிடம் பெரிய குத்தகை எடுத்தவர், நகரத்தில் என்றால் கடைக்காரர், ஆலை முதலாளி. 1819 ஆகஸ்ட் 16 அன்று மான்செஸ்டர் செயின்ட் பீட்டர்ஸ் மைதானத்தில் வாக்குரிமை கேட்டுச் சுமார் 60,000 பேர் கூடினார்கள். அவர்கள் நடுவே ஏவப்பட்டது இந்தச் சொந்தக் குதிரைக்காரர்களைத்தான். கூட்டத்தில் பழக்காத குதிரைகள் மிரண்டு நெரிசலில் மாட்டிக்கொண்டன. மேலே இருந்தவர்கள் வாளை வீசினார்கள். பின்னால் வந்த 15ஆம் ஹுஸ்ஸார் என்ற நிரந்தர ராணுவக் குதிரைப்படையின் அதிகாரி ஒருவரே அவர்களைத் தடுக்கப் பார்த்தார். குறைந்தது 15 பேர் இறந்தார்கள், நூற்றுக்கணக்கானவர்கள் காயம்பட்டார்கள். முதல் பலி வில்லியம் ஃபில்ட்ஸ், இரண்டு வயதுக் குழந்தை. மைதானத்துக்கு விரைந்துகொண்டிருந்த யோமன்ரிக்காரன் ஒருவனின் குதிரை மோதி, தாயின் கையிலிருந்து விழுந்து இறந்தான்.

சரி, குதிரைகளுக்கு வருகிறேன். தென்னாப்பிரிக்காவில் போயர்களோடு நடந்த போருக்காக 1899 டிசம்பரில் இம்பீரியல் யோமன்ரி என்ற தொண்டர் படை தொடங்கியதைக் கட்டுரை விரிவாகவே எழுதியிருக்கிறது. அந்தப் போரில் பிரிட்டன் தரப்பில் மட்டும் மூன்று லட்சத்துக்கு மேல் குதிரைகள் செத்தன. குண்டு பட்டுச் செத்தவை அதில் கொஞ்சம்தான். வாரக்கணக்கில் கப்பலில் நின்றபடியே வந்த குதிரைக்கு இறங்கியதும் ஓய்வு வேண்டும், புதுத் தண்ணீரும் புதுப் புல்லும் பழக நாள் வேண்டும். அதைக் கொடுக்காமல் ரயிலில் ஏற்றி நேரே களத்துக்கு அனுப்பினார்கள். வடகோளத்தின் குளிருக்கு வளர்ந்த அடர்ந்த மயிரோடு ஆப்பிரிக்கக் கோடையில் வந்து இறங்கியவை அவை. அரைப்பட்டினி, ஓயாத ஓட்டம், அதன்மேல் அந்த மண்ணின் குதிரைக் காய்ச்சல். தென்னாப்பிரிக்காவின் போர்ட் எலிசபெத் நகரில் 1905இல் இந்தக் குதிரைகளுக்காக ஒரு சிலை வைத்தார்கள். அதில் சிப்பாய் மண்டியிட்டு, தன் குதிரையின் வாயருகே தண்ணீர் வாளியை ஏந்திக்கொண்டிருக்கிறான். அந்தச் சிலையின் படத்தை என் மருந்தகச் சுவரில் பல வருடம் மாட்டி வைத்திருந்தேன்.

1914இல் போர் மூண்டதும் முதல் இரண்டு வாரத்திலேயே பிரிட்டனில் ஒரு லட்சத்துக்கு மேல் குதிரைகளை ராணுவம் எடுத்துக்கொண்டது. ஏர் உழுதவை, பால் வண்டி இழுத்தவை, பிள்ளைகள் பெயர் வைத்து வளர்த்தவை எல்லாம் அதில் உண்டு. யோமன்ரியிலோ தன் குதிரையோடேயே போனவர்கள் பலர். போர் முடிந்ததும் எகிப்திலும் பாலஸ்தீனத்திலும் இருந்த ஆட்கள் கப்பலேறி ஊர் திரும்பினார்கள். குதிரைகளைக் கொண்டுபோகச் செலவு அதிகம் என்று ஆயிரக்கணக்கில் அங்கேயே விற்றுவிட்டது ராணுவம். விற்பதைவிடத் தன் கையாலேயே சுட்டுவிடலாம் என்று நினைத்த வீரர்களும் இருந்தார்கள்.

1930இல் டோரதி புரூக் என்ற பெண்மணி கெய்ரோவுக்கு வந்தார். அவர் கணவர் அங்கிருந்த பிரிட்டிஷ் குதிரைப்படைப் பிரிவின் தளபதி. தெருவில் பாரவண்டி இழுத்துக்கொண்டிருந்த எலும்பும் தோலுமான குதிரைகளின் உடம்பில் ராணுவம் சுட்ட அம்பு முத்திரை இருப்பதை அவர் பார்த்தார். நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஹூஜ் சண்டையின்போது ஐந்து வயது என்றால் அப்போது பதினெட்டு. கண் போனது, கால் நொண்டி, சேணம் உரசிய இடமெல்லாம் புண், குளம்பு தேய்ந்து சதை தெரிகிற நிலை. அந்த வயதில் அவை கல்குவாரிகளிலும் வேலை செய்தன.

அவர் 1931 ஏப்ரலில் லண்டன் 'மார்னிங் போஸ்ட்' நாளிதழின் ஆசிரியருக்கு ஒரு கடிதம் எழுதினார். அவ்வளவுதான் செய்தார். வாசகர்களிடமிருந்து பணம் வந்து குவிந்தது. மூன்று வருடத்தில் சுமார் 5,000 குதிரைகளை விலைகொடுத்து மீட்டார். பெரும்பாலானவற்றைக் காப்பாற்றக்கூடிய காலம் தாண்டியிருந்தது. அவற்றுக்குச் சில நாள் நல்ல தீனி, நிறையத் தண்ணீர், படுக்க மெத்தென்று வைக்கோல். பிறகு வலியில்லாத முடிவு. என் வேலையில் நானும் பல தடவை அந்த ஊசியைப் போட்டிருக்கிறேன். ஒரு ஜட்கா வண்டிக் கிழக் குதிரை என் தோளில் தலையைச் சாய்த்தபடி நின்றது இன்னும் நினைவில் இருக்கிறது. ஆயிரக்கணக்கான முறை அந்த முடிவுக்குப் பக்கத்தில் நிற்க என்ன மனத்திடம் வேண்டும்! 1934இல் அவர் கெய்ரோவில் பழைய போர்க்குதிரைகளின் நினைவாகத் தொடங்கிய மருத்துவமனைதான் இன்று 'புரூக்' என்ற பெயரில் இந்தியா உட்படப் பல நாடுகளில் வேலை செய்யும் குதிரை, கழுதைகளுக்கு மருத்துவம் பார்க்கிறது. அவர் 1955இல் காலமானார். கெய்ரோவிலேயே அடக்கம் செய்தார்கள்.

கட்டுரையின் அடுத்த பகுதி யோமன்ரி படைகள் பீரங்கிக்கும் கவச வண்டிக்கும் மாறியதைச் சொல்லும் என்று அறிவித்திருக்கிறீர்கள். அதற்கு முன் இந்தக் குதிரைகளுக்கு இரண்டு பக்கம் ஒதுக்குங்கள். போர்ட் எலிசபெத் சிலையின் படம் என்னிடம் பத்திரமாக இருக்கிறது. கேட்டால் அனுப்பி வைக்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கால்நடை மருத்துவர்,
பொள்ளாச்சி.