மலையைக் காட்டினால்தான் ஒளிப்பதிவா?

ஆசிரியருக்கு வணக்கம். உங்கள் சினிமா விமர்சனங்களை விடாமல் படிக்கிறவன் நான். கதை, நடிப்பு, பாட்டு என்று பத்தி பத்தியாக எழுதிவிட்டு, கடைசியில் "ஒளிப்பதிவு கண்ணுக்குக் குளிர்ச்சி" என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறீர்கள், அதுவும் படத்தில் மலையோ அருவியோ இருந்தால்தான். மலையை யார் எடுத்தாலும் ஓரளவு அழகாகத்தான் வரும். கஷ்டமெல்லாம் பத்துக்குப் பத்து அறைக்குள்தான். காலையில் ஆரம்பித்த காட்சியை எடுத்து முடிக்கச் சாயங்காலம் ஆகிவிடும், வெளியே வெயில் எங்கெங்கோ நகர்ந்திருக்கும், ஆனால் திரையில் அது இரண்டே நிமிடப் பேச்சு என்பதால் ஜன்னல் வெளிச்சம் ஷாட்டுக்கு ஷாட் மாறாமல் இருந்தாக வேண்டும். சரியாகச் செய்துவிட்டால் யாரும் கவனிக்கவே மாட்டார்கள்.

சத்யஜித் ராயின் 'அபராஜிதோ' (1956) படத்துக்காகக் காசி வீட்டு முற்றத்தை ஸ்டுடியோவில் செட் போட்டார்கள். அந்த மாதிரி வீடுகளில் வெளிச்சம் வானத்திலிருந்து மெத்தென்று இறங்கும், அழுத்தமான நிழலே விழாது. விளக்கை நேராக அடித்தால் அது வராது. ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா செட்டுக்கு மேலே வெள்ளைத் துணியைக் கட்டி, கீழேயிருந்து விளக்குகளை அதன்மேல் அடித்து, திரும்பி வந்த ஒளியில் படம் பிடித்தார். அப்போது அவருக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. ராயின் முந்தைய படமான 'பதேர் பாஞ்சாலி'க்கு முன்பு சினிமா கேமராவை இயக்கியதே இல்லையாம்!

நம் ஊரிலேயே பி.சி.ஸ்ரீராமுக்குத் தேசிய விருது வாங்கிக் கொடுத்தது 'நாயகன்' (1987). அதில் இன்றைக்கும் நினைவில் நிற்பது இருட்டும் மழையும் பாதி நிழலில் இருக்கிற முகங்களும்தானே, பச்சைப் பசேல் லொகேஷன் இல்லையே.

ஒளிப்பதிவாளர் என்கிற இடத்துக்கு வருவதும் லேசில்லை. பிலிம் காலத்தில் கறுப்புப் பைக்குள் கையை விட்டுத் தடவித் தடவி மேகசினில் (கேமராவின் பிலிம் பெட்டி) பிலிம் மாட்டுவதில் ஆரம்பித்து, அப்புறம் டேப் பிடித்துத் தூரம் அளந்து ஃபோகஸ் பார்த்து, பல வருஷம் உதவியாளராகவே ஓடும். சினிமாவுக்கான மத்திய அரசின் உயரிய விருதான தாதாசாகேப் பால்கே விருதை 1969லிருந்து கொடுக்கிறார்கள். ஓர் ஒளிப்பதிவாளருக்கு முதன்முதலாகக் கிடைத்தது 2008ஆம் ஆண்டுக்கானதுதான், வி.கே.மூர்த்திக்கு. அரசாங்கமே அவ்வளவு தாமதம் என்றால் உங்களை மட்டும் குறை சொல்லி என்ன பயன் என்றும் தோன்றுகிறது.

இருந்தாலும் ஒன்று கேட்கிறேன். அடுத்த தடவை ஒரே வீட்டுக்குள் நடக்கிற படம் ஏதாவது வந்தால், உங்கள் விமர்சகரை ராத்திரிக் காட்சிகளில் வெளிச்சம் எங்கிருந்து வருகிறது என்று பார்த்து நாலு வரி எழுதச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகன்