வளையல் அளவு கேட்டு எழுதுகிறேன்

அன்பு மகளுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். அப்பாவுக்கு சுகர் கட்டுக்குள் இருக்கிறது, ஆனால் சாயங்கால நடை மறுபடியும் நின்றுவிட்டது. மாடியில் ஒழுகிய இடத்தைப் பூசியாயிற்று. கொல்லை முருங்கை போன வாரக் காற்றில் பாதியோடு முறிந்தது. நீ கண் டாக்டரைப் பார்த்தாயா? பார்க்கவில்லை என்றால் இந்தச் சனிக்கிழமையே போ.

வாட்ஸப்பில் எழுதினால் கட்டைவிரலைப் போட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறாய். அதனால்தான் காகிதம். ரிஜிஸ்டரில் போடலாம் என்று கை போனது. அதைத்தான் 2025 செப்டம்பர் 1 முதல் ஸ்பீட் போஸ்ட்டோடு சேர்த்துவிட்டார்களே. சர்வீஸ் முழுக்க ரிஜிஸ்டர் கவுண்டரில் உட்கார்ந்தவளுக்கு அது இன்னும் மனதில் ஏறவில்லை.

செவ்வாய்க்கிழமை உன் சிநேகிதியின் அம்மா குங்குமச் சிமிழோடு வந்திருந்தாள். தை இரண்டாம் ஞாயிறு மகளுக்கு வளைகாப்பு. முறையாக அழைத்துவிட்டு, காபி ஆறுகிற வரைக்கும் பேசாமல் இருந்தாள். அப்புறம், "உங்க மக என்னைக்கு வாரா?" என்று கேட்டாள். "வருவா" என்றேன். வேறென்ன சொல்ல? நீங்கள் இரண்டு பேரும் பேசுவதில்லை என்பது அவளுக்கும் தெரிந்திருக்கிறது. எனக்குத் தெரியும் என்பதும் அவளுக்குத் தெரிந்திருக்கிறது. இரண்டு பேரும் முருங்கை மரத்தைப் பற்றிப் பேசிவிட்டு எழுந்தோம்.

ஸ்கூட்டி விஷயத்தை நான் எடுக்கப் போவதில்லை. அது உங்கள் சமாச்சாரம். நான் என் சிநேகிதி டீச்சரத்தையைப் பற்றித்தான் எழுத உட்கார்ந்தேன்.

சித்தி மகள் மறுவீட்டில் அவள் என்ன பேசினாள் என்று உனக்குத் தெரியும். மாப்பிள்ளை வீட்டார் பந்தியில் இருக்கிறார்கள், நான் பார்த்துப் பார்த்து வைத்த சொதி. தேங்காயை மூன்று பால் எடுத்து, முதல் பாலைக் கடைசியில் ஊற்றி, இஞ்சித் துவையலும் அரைத்து வைத்திருக்கிறேன். இவள் ஒரு வாய் வைத்துவிட்டு, பந்தி முழுக்கக் கேட்கிற மாதிரி, "ஏட்டி, தேங்காய் உடைச்ச தண்ணியை அப்படியே ஊத்திட்டியா?" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். மாப்பிள்ளையும் சிரித்தார். அன்றோடு பேச்சை நிறுத்தினேன். கோயிலில் எதிரே வந்தால் நந்தியைப் பார்த்துக்கொண்டு போவேன். அவளும் கொடிமரத்தைப் பார்த்துக்கொண்டு போவாள்.

அப்புறம்தான் 2023 டிசம்பர் மழை. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் கொட்டியது. குறுக்குத்துறை முருகன் கோயிலை மூழ்கடித்த தாமிரபரணி நம் சிந்துபூந்துறைக்குள்ளும் வந்துவிட்டது. கரண்ட் இல்லை, டவர் இல்லை. நீ பெங்களூரில் போன் அடித்து அடித்து அழுததாகப் பிறகு சொன்னாய். தண்ணீர் முழங்காலுக்கு வடிந்த அன்று காலை, சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, தலைக்கு மேல் ஒரு தூக்குச்சட்டியைப் பிடித்தபடி ஒருத்தி தெருவில் வருகிறாள். டீச்சரத்தை! சட்டிக்குள் இரண்டு பால் பாக்கெட், மெழுகுவத்தி, தீப்பெட்டி, அப்பாவின் சுகர் மாத்திரை. நடையில் நின்றுகொண்டு என்னைப் பார்க்காமல் உள்ளே குரல் கொடுத்தாள்: "அண்ணாச்சி, இது உங்களுக்கு. அவகிட்ட நான் பேசலை."

அவள் ஈரக்காலால் நடையில் இருந்து நடுவீடு வரை சேறு. நான் துண்டை எடுத்துப் போட்டேன். "இந்தத் துண்டு துவைச்சதா?" என்று என்னிடம்தான் கேட்டாள். மத்தியானம் வரைக்கும் போகவில்லை. கறுப்புக் காபி கொடுத்தேன், அதிலும் குறை சொன்னாள். அந்த இருட்டு வீட்டில் நாங்கள் சிரித்த சிரிப்பில் மாடிவீட்டுக்காரர் என்னமோ ஏதோ என்று இறங்கி வந்துவிட்டார்.

மாத்திரை பெயரை அவள் எங்கேயும் எழுதி வைத்துக்கொண்டது கிடையாது. அப்பா எந்த மாத்திரை போடுகிறார், எத்தனை மில்லிகிராம் என்பது அவளுக்கு மனப்பாடம். என் சொதியைச் சந்தி சிரிக்க வைத்த அதே வாய்தான் அந்த மழையில் மருந்துக்கடைக்காரரை எழுப்பிக் கதவைத் திறக்க வைத்திருக்கிறது. வாயை மட்டும் குறைத்துக்கொண்டு மிச்சத்தைத் தா என்று யாரிடம் போய்க் கேட்க முடியும்?

ஒன்றாகச் சேர்ந்துவிட்டால் அவள் நாலடியாரை எடுத்துவிடுவாள். நட்பில் பிழை பொறுப்பதற்கென்றே அதில் ஓர் அதிகாரம் இருக்கிறது. 'நெல்லுக்கு உமியுண்டு நீர்க்கு நுரையுண்டு, புல்லிதழ் பூவிற்கும் உண்டு' என்று ராகம் போட்டு என்னையே பார்ப்பாள். "அப்ப உமி யாரு?" என்று கேட்டால், "மாசம் மாசம் மாத்திக்கிடுவோம்" என்பாள். இந்த மாதம் அவள்தான். அவள் வீட்டில் என் சட்டிகளுக்கு மூடி இருக்கிறது, என் வீட்டில் அவள் மூடிகள். பெயர் வெட்டியிருந்தும் பிரயோஜனமில்லை. போன வாரம் என் பெரிய குக்கர் வெயிட்டைக் காணோம், அதுவும் அங்கேதான் இருக்கும்.

எனக்கு நாலடியாரை விடக் குறளில் 'பழைமை' அதிகாரம்தான் பிடிக்கும். 805-வது குறளை எடுத்துப் பார். 'பேதைமை ஒன்றோ பெருங்கிழமை என்றுணர்க நோதக்க நட்டார் செயின்.' நம் சிநேகிதம் மனசு நோகிற மாதிரி ஏதாவது செய்துவிட்டால், விவரம் தெரியாமல் செய்திருக்கும், இல்லை என்றால் ரொம்ப உரிமை எடுத்துக்கொண்டு செய்திருக்கும் என்கிறார். மூன்றாவதாக ஒரு காரணத்தை அவர் வைக்கவே இல்லை பார். கேட்காமல் எடுத்துக்கொண்டு போனவளை இந்த இரண்டில் எதில் சேர்ப்பாய்? எடுக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டு ஸ்கூட்டிக்கே வந்துவிட்டேன், இருக்கட்டும்.

உன் பக்கம் நியாயம் இல்லை என்று நான் சொல்லவே இல்லை. உன் நேர்மை எனக்குத் தெரியும். சின்ன வயதில் கடைக்காரர் கூடுதலாகக் கொடுத்த எட்டணாவைத் திருப்பிக் கொடுக்க வெயிலில் நடந்து போன பிள்ளை நீ. இன்றைக்கும் நாலு பேரிடம் அதைச் சொல்லிப் பெருமைப்படுகிறேன். ஆனால் எல்லாரிடமும் பைசாக் கணக்குப் பார்க்க முடியாது, கண்ணு. உன் சிநேகிதி ஒரு இடத்துக்கும் நேரத்துக்கு வந்தவள் இல்லை. உன் பட்டுத் தாவணியில் மஞ்சளைக் கொட்டினாள். உன் முதல் சம்பளத்தில் ஒரு வாரம் ஓட்டலில் சாப்பிட்டாள். ஐந்தருவியில் அவள் செருப்பு போய், உன்னுடையதில் ஒன்றை வாங்கிப் போட்டுக்கொண்டு, ஆளுக்கொரு காலில் செருப்போடு பஸ் ஸ்டாண்ட் வரைக்கும் நொண்டிக்கொண்டே சிரித்துக்கொண்டு வந்தீர்களே. நீ அந்த மாதிரிச் சிரித்து நான் கேட்டு வெகுநாள் ஆகிவிட்டது. போனில் உன் குரல் இப்போது ஆபீஸ் குரலாகவே இருக்கிறது. எனக்கு ராத்திரி தூக்கம் வராததற்கு அதுதான் காரணம், வேறு ஒன்றும் இல்லை.

அப்பாவுக்கு ஆபரேஷன் ஆனபோது ஆஸ்பத்திரி வராந்தாவில் செய்தித்தாளை விரித்துப் படுத்தவள் அவள். நீ உள்ளே இருந்தாய், உனக்குத் தெரியாது. நர்ஸம்மா விரட்டினால் எழுந்து மாடிப்படிக்குப் போவாள், அவர் திரும்பியதும் மறுபடி வந்து படுப்பாள். எனக்கு இட்லி வாங்கப் போனவள் இட்லியை எங்கேயோ வைத்துவிட்டுச் சட்னியை மட்டும் கொண்டு வந்தாள். அந்த நேரத்திலும் எனக்குச் சிரிப்பு வந்தது.

அவளுக்கு ஒரு போன் போடு. மன்னிப்பு கேள் என்று சொல்லவில்லை. கேட்க வை என்றும் சொல்லவில்லை. "என்னட்டி, எப்படி இருக்க?" என்று கேட்டால் போதும். தண்ணீர் நிறையக் குடி. கண் டாக்டரை மறக்காதே.

நாகர்கோவில் எக்ஸ்பிரஸுக்கு இப்போதே டிக்கெட் பார். 60 நாளுக்கு முன்னாலேயே திறந்துவிடுகிறார்கள், பொங்கல் கூட்டம் வேறு. வெயிட்டிங் லிஸ்ட் என்றால் அப்பாவிடம் சொல், அவர் தத்காலுக்கு உட்காருவார்.

டவுன் ரதவீதியில் கண்ணாடி வளையல் வாங்கலாம் என்று இருக்கிறோம், பச்சையும் சிவப்புமாக. அவளுக்கு முன்னே 2.4 போட்ட ஞாபகம். மாசமாக இருக்கிறவளுக்குக் கை வீங்கியிருக்கும், பழைய அளவு ஏறாது. டீச்சரத்தை 2.8 என்கிறாள், அவள் பேச்சை நம்பி வாங்க முடியாது. அவள் அம்மாவிடம் நான் கேட்டால் நன்றாக இருக்காது. நீயே அவளிடம் கேட்டு, வியாழக்கிழமைக்குள் எனக்குச் சொல்லு.

அன்புடன்,
அம்மா