துருவோங் சின் யார் என்று கேட்டாய்

அன்புள்ள கயலுக்கு,

அப்பா எழுதுகிறேன். நீ ஹனோயில் தினமும் வேலைக்குப் போகிற சாலைக்குத் துருவோங் சின் என்று பெயர் என்றாய். ஆபீசில் விசாரித்தபோது ஒருவர், "நிலச் சீர்திருத்தத்தில் அப்பாவிகளைச் சாகவிட்ட தலைவர்" என்றாராம். இன்னொருவர், "அவர் இல்லாவிட்டால் டோய் மோய் வந்திருக்காது, நாமும் இப்படி உட்கார்ந்து சாப்பிட்டிருக்க மாட்டோம்" என்றாராம். டோய் மோய் என்றால் 1986-ல் அங்கே தொடங்கிய பொருளாதாரச் சீர்திருத்தம். யார் சொல்வது சரி என்று என்னைக் கேட்டாய். இரண்டு பேர் சொல்வதும் சரிதான், கண்ணு. போனில் பேசி முடிகிற விஷயம் இல்லை என்பதால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

வியட்நாம் கம்யூனிஸ்ட் கட்சியின் தலைவராக இருந்த துருவோங் சின் 1907-ல் நாம் தின் மாகாணத்தில் ஹான் தியென் என்ற ஊரில் பிறந்தவர். படித்தவர்களுக்குப் பேர் போன ஊர் அது. தாத்தா பெரிய பரீட்சை தேறி அரசு அதிகாரியாக இருந்தவர், வரலாற்று நூல்கள் எழுதியவர். இவருக்கு வீட்டில் வைத்த பெயர் டாங் சுவான் கு. மாவோவின் நெடும்பயணத்தை மனதில் வைத்துப் பிற்பாடு தானே சூட்டிக்கொண்டதுதான் துருவோங் சின். 1926-ல் தேசியத் தலைவர் பான் சூ திரின் இறந்தபோது மாணவர்களைத் திரட்டித் துக்கம் அனுசரித்ததற்காகப் பள்ளியிலிருந்து வெளியேற்றினார்கள். 1930-ல் பிரெஞ்சுக்காரர்கள் பிடித்து 12 ஆண்டு தண்டனை கொடுத்தார்கள். முதலில் ஹோவா லோ, பிறகு மலைப்பகுதியில் சோன் லா சிறை. பிரான்சில் இடதுசாரிகளின் மக்கள் முன்னணி ஆட்சிக்கு வந்ததால் 1936-ல் வெளியே வந்தார். 1941-ல் கட்சியின் பொதுச் செயலாளர். அப்போது வயது 34.

இனி நான் சொல்லப்போவதெல்லாம் அரிசியைப் பற்றித்தான். நெல் போட்டுப் பிழைத்தவன் என்பதால் அந்த வழியாகத்தான் எனக்கு இந்த மனிதர் புரிகிறார்.

1944-45-ல் வட வியட்நாமில் கொடும் பஞ்சம். ஜப்பான் ராணுவமும் பிரெஞ்சு நிர்வாகமும் நெல்லை வாரிக்கொண்டு போயின, வயலில் சணல் போடச் சொல்லிக் கட்டாயப்படுத்தினார்கள், வெள்ளமும் புயலும் சேர்ந்துகொண்டன. பத்து லட்சம் பேருக்கு மேல் செத்தார்கள் என்று பலரும் எழுதியிருக்கிறார்கள், இருபது லட்சம் என்பது வியட்நாம் அரசு சொல்லும் கணக்கு. 1945 மார்ச் 9 இரவு ஜப்பான்காரர்கள் பிரெஞ்சு ஆட்சியைக் கவிழ்த்தபோது, துருவோங் சின் ஹனோய்க்குப் பக்கத்தில் தின் பாங் கிராமத்தில் கட்சிக் கூட்டத்தில் இருந்தார். மூன்று நாளில் ஒரு உத்தரவு வெளிவந்தது. அதில் இருந்த ஒரு வரிதான் கிராமங்களை எழுப்பியது: நெல் கிடங்குகளை உடைத்துப் பசியைத் தீருங்கள். ஆயிரம் பக்கம் கொள்கை பேசியிருந்தாலும் அந்த வரி செய்ததைச் செய்திருக்காது. ஆகஸ்டில் கம்யூனிஸ்டுகளின் புரட்சி வென்றதற்குப் பல காரணம் சொல்வார்கள். பசித்தவனுக்குக் கிடங்கைக் காட்டியதைத்தான் நான் முதலில் வைப்பேன்.

எட்டு ஆண்டுகள் கழித்து அதே மனிதர் நிலச் சீர்திருத்தத்துக்குத் தலைமை தாங்கினார். நிலமில்லாதவனுக்கு நிலம் கொடுக்க வேண்டும் என்பதில் எனக்கு இன்றைக்கும் மாற்றுக் கருத்து கிடையாது. சுமார் 8 லட்சம் ஹெக்டேர் கைமாறியது, இருபது லட்சம் குடும்பங்களுக்கு நிலம் கிடைத்தது. அது சின்ன விஷயமா? ஆனால் செய்த விதத்தைப் பார். செந்நதிப் படுகையில் வயலை அளப்பது ஸாவ் கணக்கில். ஒரு ஸாவ் 360 சதுர மீட்டர், நம் கணக்கில் ஒன்பது சென்ட்கூடத் தேறாது. பெரும்பண்ணைகள் அதிகம் இல்லாத பூமி அது. அங்கே ஊருக்கு இத்தனை நிலப்பிரபுக்கள் இருந்தே ஆகவேண்டும் என்று சீனாவில் கற்ற அளவுகோலை வைத்துத் தேடினார்கள். தேடினால் கிடைக்கத்தானே செய்யும்? கொஞ்சம் கூடுதலாக நிலம் வைத்து, அறுவடைக்குக் கூலியாள் வைத்தவனும் நிலப்பிரபு ஆனான். ஊர்ப் பொதுவிடத்தில் நிறுத்தி, அண்டை வீட்டுக்காரர்களையே குற்றம் சாட்ட வைத்தார்கள். பிரெஞ்சுக்காரர்களோடு சண்டை போட்ட கட்சிக்காரர்களே பலர் அதில் மாட்டிக்கொண்டார்கள்.

முதலில் சுட்டுக் கொன்றது நிகுயென் தி நாம் என்ற பெண்மணியை. 1953 ஜூலை, தாய் நிகுயென் மாகாணம். வியாபாரம் செய்து சம்பாதித்து நிலம் வாங்கியவர். புதிய அரசுக்குத் தங்கம் அள்ளிக் கொடுத்தவர். அவர் வீட்டில் கட்சித் தலைவர்கள் ஒளிந்திருந்து சாப்பிட்டிருக்கிறார்கள். மகன்கள் பிரெஞ்சுக்காரர்களை எதிர்த்த வியட் மின் படையில் இருந்தார்கள். அவரைத் தெரியாமல் கொன்றார்கள் என்று யாரும் சொல்ல முடியாது. மொத்தம் எத்தனை பேர் என்பதில் ஆளுக்கொரு கணக்கு இருக்கிறது, ஆயிரக்கணக்கில் என்பதில் மட்டும் சண்டை இல்லை.

1956 ஆகஸ்டில் ஹோ சி மின் தவறு நடந்தது என்று மக்களுக்குக் கடிதம் எழுதினார். அக்டோபரில் துருவோங் சின் பொதுச் செயலாளர் பதவியை விட்டு விலகினார். பொதுமேடையில் ஏறித் தவறுகளை ஒவ்வொன்றாக ஒப்புக்கொண்டு பேசியது தளபதி வோ நிகுயென் கியாப். இவர்கள் இரண்டு பேரும்தான் முப்பதுகளில் சேர்ந்து விவசாயிகள் நிலைமை பற்றி எழுதியவர்கள். பேச வேண்டியவர் துருவோங் சின் என்பது என் எண்ணம். கட்சியின் உச்ச அமைப்பான அரசியல் குழுவில் துருவோங் சின் இடம் அப்படியே இருந்தது. இரண்டே ஆண்டில் துணைப் பிரதமர், 1960 முதல் தேசிய சபையின் தலைவர். பதவி போனது, அதிகாரம் போகவில்லை.

உன் ஆபீசில் முதலில் பேசியவரின் வீட்டில் அந்த நாட்களில் யாரையாவது இழந்திருக்கலாம், கயல். அவரிடம் டோய் மோய் நல்லதுதானே என்று எதிர்வாதம் பண்ணாதே. அவர் சொல்வதை மட்டும் கேட்டுக்கொள்.

அப்புறம் எனக்கு ரொம்பவும் உறுத்துகிற இடம் 1968. நிலத்தைப் பங்கு போட்டுக் கொடுத்த சூட்டோடு கூட்டுறவுப் பண்ணை என்று திரும்பச் சேர்த்துக்கொண்டார்கள். மணியடித்தால் வயலுக்குப் போக வேண்டும், நாள் முழுக்க நின்றால் புள்ளி, அறுவடையில் புள்ளிக்கு ஏற்ப நெல். களையை வேரோடு பிடுங்கினாலும் ஒரே புள்ளி, மேலோடு கிள்ளிப் போட்டாலும் ஒரே புள்ளி. குடும்பத்துக்கென்று 5 சதவீத நிலம் விட்டிருந்தார்கள். எருவெல்லாம் அங்கேதான் போனது. குடும்ப வருமானத்தில் பெரும்பங்கு அந்தத் துண்டிலிருந்துதான் வந்தது. வயலில் இறங்கிய எவனுக்கும் இதற்கு விளக்கம் தேவையில்லை.

வின் ஃபுக் மாகாணக் கட்சிச் செயலாளர் கிம் நொக்குக்கு இது புரிந்தது. 1966-ல் நிலத்தைக் குடும்பம் குடும்பமாக ஒப்படைத்து, இவ்வளவு கொடு, மிச்சம் உனக்கு என்று ஏற்பாடு செய்தார். பக்கத்தில் அமெரிக்கக் குண்டு விழுந்துகொண்டிருந்த நேரத்தில் விளைச்சல் கூடியது. 1968-ல் துருவோங் சின் அங்கே வந்து, ஊழியர்கள் கூட்டத்தில் அதைக் கடுமையாகக் கண்டித்தார். சோஷலிசத்தை விட்டு விலகித் தனியார் விவசாயத்துக்குத் திரும்புகிறீர்கள் என்பது அவர் வாதம். ஏற்பாடு நின்றது, கிம் நொக் சுயவிமர்சனம் எழுதிக் கொடுக்க வேண்டி வந்தது. 1979-ல் அவர் இறந்துவிட்டார். அவர் சொன்னதில் பாதியை ஏற்றுக்கொண்ட 100-ஆம் எண் உத்தரவு வந்தது 1981 ஜனவரியில்.

அதே 1981 ஜூலையில் துருவோங் சின் அரசுக் கவுன்சிலின் தலைவரானார், அதாவது நாட்டின் தலைவர். புதிய அரசியலமைப்புப்படி அந்தப் பதவியில் முதல் ஆள் இவர்தான். நாடு அப்போது இருந்த நிலையை உன் வயதுக்காரர்கள் நம்பமாட்டார்கள். அரிசி, மீன் சாறு, துணி, மண்ணெண்ணெய் எல்லாம் கூப்பன்தான். ஹனோயில் விடியுமுன்னே வரிசை போட வேண்டும். நின்று மாளாதவர்கள் தங்கள் இடத்தில் ஒரு செங்கல்லை வைத்து அடையாளம் போட்டுவிட்டு வேலைக்குப் போவார்கள். யார் முகமாவது வாடியிருந்தால் "அரிசிப் புத்தகத்தைத் தொலைத்தவன் மாதிரி" என்பார்கள், இன்றும் அங்கே வழங்குகிற பேச்சு அது. கிடைத்த அரிசியிலும் மரவள்ளியும் சோளமும் கலந்து பொங்கித் தின்றார்கள். இரண்டு போகம், மூன்று போகம் விளைகிற மண்ணில்!

1983 ஜூலையில் துருவோங் சின் தலாட் மலையில் ஓய்வில் இருந்தார். ஹோ சி மின் நகரத்தின் கட்சிச் செயலாளர் நிகுயென் வான் லின் ஒரு காரியம் செய்தார். நகரத்தின் ஆலை மேலாளர்களை அழைத்துக்கொண்டு அங்கேயே போய்விட்டார். மேலாளர்கள் ஒளிக்காமல் பேசினார்கள். சட்டத்தை மீறி மூலப்பொருளைச் சந்தையில் வாங்குகிறோம், உற்பத்திக்கு ஏற்பக் கூலி கொடுக்கிறோம், அதனால்தான் ஆலை ஓடுகிறது என்றார்கள். வேலி தாண்டுவது என்று அதற்கு அவர்களிடம் பெயர் இருந்தது. 76 வயதுப் பெரியவர், கட்சியின் கறாரான கொள்கைக்காரர் என்று பேர் வாங்கியவர், உட்கார்ந்து கேட்டார். பிறகு கீழே இறங்கி ஆலைகளைப் போய்ப் பார்த்தார். வடக்கிலும் தெற்கிலும் வயல்களுக்கும் சந்தைகளுக்கும் போனார். பொருளாதாரம் தெரிந்தவர்களைச் சேர்த்துத் தனக்கென ஒரு ஆய்வுக் குழு வைத்துக்கொண்டார்.

எனக்கு அவர் மேல் மரியாதை வருவது இந்த இடத்தில்தான். அந்த வயதில், அந்தப் பதவியில், நாற்பது ஆண்டுகளாகத் தானே எழுதி வந்ததற்கு எதிராக யார் யோசிப்பார்கள்? அவர் யோசித்தார், வெளியேயும் சொன்னார்.

1985 செப்டம்பரில் நாணயத்தை மாற்றி, விலையையும் சம்பளத்தையும் திருத்தப் போய் எல்லாம் கலைந்தது. அடுத்த ஆண்டு விலைவாசி 700 சதவீதத்துக்கு மேல் ஏறியது. 1986 ஜூலை 10 அன்று கட்சிப் பொதுச் செயலாளர் லெ துவான் இறந்தார். நான்கு நாளில் துருவோங் சின் மறுபடியும் பொதுச் செயலாளர், முப்பது ஆண்டுகளுக்குப் பிறகு. ஆறாவது கட்சி மாநாட்டுக்கான அரசியல் அறிக்கை ஏற்கெனவே தயாராகியிருந்தது. அதை ஒதுக்கிவிட்டுப் புதிதாக எழுத வைத்தார். தனியார் தொழிலுக்கு இடம் உண்டு, கனரகத் தொழிலைவிட உணவும் நுகர்பொருளும் முதலில், மேலிருந்து மானியம் கொடுத்து நடத்துகிற முறை போகவேண்டும் என்று புதிய அறிக்கை சொன்னது. உண்மையை நேராகப் பார்ப்போம் என்ற வாசகமும் அதில் இருந்தது. டிசம்பரில் மாநாட்டில் அதை அவரே வாசித்தார். வாசித்த கையோடு மூத்த தலைவர்களான பாம் வான் தோங், லெ டக் தோ ஆகியோருடன் தலைமையிலிருந்து விலகினார். தலாட்டுக்கு ஆட்களைக் கூட்டிக்கொண்டு போன லின் அடுத்த பொதுச் செயலாளர். துருவோங் சின் இந்த முறை அந்தப் பொறுப்பில் இருந்தது ஐந்தே மாதம். அரசுக் கவுன்சில் தலைவர் பதவி 1987-ல் முடிந்தது.

ஒன்று மட்டும் தவறாக எடுத்துக்கொள்ளாதே. டோய் மோய் அவர் மூளையில் பிறந்தது இல்லை. வின் ஃபுக்கில் கிம் நொக் செய்து பார்த்தார். தெற்கே சாய்கோனுக்கு, அதாவது ஹோ சி மின் நகரத்துக்கு, அரிசி வேண்டும் என்று மெகாங் டெல்டாவில் சந்தை விலைக்கே நெல் வாங்கித் துணிந்தவர்கள் இருந்தார்கள். பேர் தெரியாத விவசாயிகள் ராத்திரியோடு ராத்திரியாகத் தங்களுக்குள் வயலைப் பிரித்துக்கொண்டு உழுதார்கள். அவர்கள் திறந்த கதவை இவர் சாத்தாமல் விட்டார், பிறகு அகலமாகத் திறந்து வைத்தார். 1968-ல் சாத்தியதும் இவர்தான். தலாட்டில் கேட்டது போல பதினைந்து ஆண்டுகள் முன்னாலேயே வின் ஃபுக்கில் கேட்டிருந்தால் எத்தனை வீட்டில் அடுப்பு எரிந்திருக்கும் என்று நினைத்தால் எனக்கு மனசு ஆறவில்லை.

1988 தொடக்கத்தில்கூட வடக்கில் பசி இருந்தது. ஏப்ரலில் கட்சியின் 10-ஆம் தீர்மானம் வந்து, நிலம் நீண்ட காலத்துக்குக் குடும்பங்களின் கைக்குப் போனது. செப்டம்பர் 30 அன்று துருவோங் சின் இறந்தார். அடுத்த ஆண்டு வியட்நாம் பத்து லட்சம் டன்னுக்கு மேல் அரிசி ஏற்றுமதி செய்தது.

சரி, உனக்கு ஒரு வேலை. ஆபீஸ் தோழிகளுடன் அவர்கள் சொந்த ஊருக்குப் போகிற வாய்ப்பு வந்தால் விடாதே. கூட்டுறவுப் பண்ணையில் வேலை பார்த்த பெரியவர்கள் இன்னும் இருப்பார்கள். 1988-ல் நிலத்தைப் பிரித்தபோது எருமைகளையும் ஏர்களையும் எப்படிப் பங்கு போட்டார்கள், மேட்டு வயல் யாருக்கு, பள்ள வயல் யாருக்கு என்று எப்படி முடிவு பண்ணினார்கள், சீட்டுக் குலுக்கினார்களா என்று கேள். பதிலை விவரமாக எழுதி அனுப்பு. அம்மா உன் இருமல் நின்றதா என்று கேட்கச் சொன்னாள்.

அன்புடன்,
அப்பா