சந்திரலேகா நினைவு மாலைக்குக் கைகொடுத்த அனைவருக்கும்

அன்புடையீர்,

நவீன நடன அமைப்பாளர் சந்திரலேகாவை நினைத்து எங்கள் மாணவர்கள் நடத்திய மாலை நிகழ்ச்சி நல்லபடியாக நடந்து முடிந்தது. அவர் 2006 டிசம்பரில் மறைந்தபோது இந்தப் பிள்ளைகளில் பலர் பிறக்கவே இல்லை. பார்த்திராத ஒருவரின் வேலையை இவர்கள் உடம்பால் உணர்ந்துகொண்டது உங்களால்தான்.

முதல் வணக்கம், கேரளத் தற்காப்புக் கலையான களரியைச் சொல்லித்தந்த ஆசானுக்கு. 1985இல் ‘அங்கிகா’ என்ற நடனப் படைப்பில் பரதம், களரிப்பயிற்று, யோகம் மூன்றையும் ஒன்றாக மேடையேற்றியவர் சந்திரலேகா. முதுகுத்தண்டுதான் ஆட்டத்தின் மையம் என்பதில் அவர் உறுதியாக இருந்தார். நான் வகுப்பில் வாயால் சொல்லிவந்ததை நீங்கள் யானை வடிவு, சிங்க வடிவு என்ற களரி நிலைகளில் நிற்கவைத்தே புரியவைத்தீர்கள். அப்புறம் முழங்காலை மடக்கி அவர்கள் பாதி உட்கார்ந்த அரைமண்டியே வேறு!

பழைய நிகழ்ச்சி மலர்களையும் பத்திரிகை நறுக்குகளையும் நம்பிக் கொடுத்த மாமிக்கு என்ன சொல்வேன்? காஞ்சிபுரம் எல்லப்ப பிள்ளையிடம் பயின்ற சந்திரலேகாவின் 1952 அரங்கேற்றம் ராயலசீமா வறட்சி நிவாரணத்துக்காக நடந்தது. யமுனை நீரில் பெண்கள் விளையாடுவதை அபிநயித்துக்கொண்டிருந்தபோதே வறண்ட நிலத்தின் படங்கள் மனதில் எழுந்து அவரை உலுக்கின. இதை நீங்கள் சொன்னபோது பிள்ளைகள் அசையாமல் கேட்டார்கள். பின்னாளில் அவர் மேடையை விட்டு நெடுங்காலம் விலகியிருந்ததற்கும், திரும்பி வந்தபோது புராணக் கதைகளை விட்டு உடம்பையே பொருளாக எடுத்துக்கொண்டதற்கும் அன்று எழுந்த கேள்விதான் வேர் என்று நினைக்கிறேன்.

கணக்கு வாத்தியார் ஐயா, உங்கள் பங்கு நாங்கள் எதிர்பாராதது. பாஸ்கராச்சாரியாரின் கணித நூலை வைத்து 1989இல் சந்திரலேகா ‘லீலாவதி’யை அமைத்தார் என்றதும், அந்த நூலின் வண்டுக் கணக்கையே எடுத்து வந்துவிட்டீர்கள். ஒரு வண்டுக் கூட்டத்தில் ஐந்தில் ஒரு பங்கு கடம்ப மலருக்கு, மூன்றில் ஒரு பங்கு இன்னொரு பூவுக்கு, இவ்விரண்டின் வித்தியாசத்தைப்போல மும்மடங்கு வேறொன்றுக்கு, மிச்சம் ஒரே ஒரு வண்டு. 15 பிள்ளைகள் பிரிந்து பிரிந்து போய், கடைசியில் ஒருத்தி மட்டும் நடுவில் நின்றபோது அரங்கமே கைதட்டியது. கணக்குக்குள் இப்படி ஓர் ஆட்டம் இருக்கிறது என்று எத்தனை பேருக்குத் தெரியும்?

வாடகை வாங்காமல் மண்டபம் தந்தவருக்கும், விளக்குகளைப் பார்த்துக்கொண்ட தம்பிக்கும், சாம்பார் சாதம் கட்டி வந்த அம்மாக்களுக்கும் நன்றி. மிக மெதுவான தாள வேகத்தில் பொறுமையாக வாசித்த மிருதங்கக்காரருக்குத் தனி நன்றி.

பெற்றோரே, 2001இல் வந்த சந்திரலேகாவின் நடனப் படைப்பு ‘சரீரா’வைப் பற்றிப் பேசியபோது பெண்ணுடலையும் அதன் சக்தியையும் தயங்காமல் பேசினோம். நீங்கள் உங்கள் மகள்கள் பக்கத்திலேயே உட்கார்ந்து கேட்டீர்கள், கேள்வியும் கேட்டீர்கள். ஒரு நடன ஆசிரியைக்கு இதைவிடப் பெரிய துணை கிடையாது.

மாமியின் நறுக்குகள் பத்திரமாக அவரிடம் திரும்பிப் போய்விட்டன. களரியைத் தொடர விரும்பும் பிள்ளைகளுக்குச் சனிக்கிழமை காலையில் சொல்லித்தர ஆசான் சம்மதித்திருக்கிறார். வர நினைப்பவர்கள் வகுப்பில் பெயர் கொடுங்கள்.

அன்புடன்,
நடன ஆசிரியை