ஆர்டன் காட்டில் ஹெலன் மிரன்

அன்புள்ள வசந்தி,

உன் கடிதம் கிடைத்தது. பேரன் பேச ஆரம்பித்துவிட்டான் என்று படித்ததும் மனசு நிறைந்துபோயிற்று. இங்கே எல்லாரும் சௌக்கியம். அவருக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. சொட்டு மருந்து போடுவதுதான் இப்போது என் முழுநேர வேலை.

நாம் பி.ஏ.வில் படித்த ஷேக்ஸ்பியரின் ‘ஆஸ் யூ லைக் இட்’ நாடகத்தை 1978இல் பிபிசி டிவிக்காக எடுத்ததை இப்போதுதான் பார்த்தேன். கதாநாயகி ரோசலிண்டாக ஹெலன் மிரன். அவருடைய 37 நாடகங்களை எடுத்தார்களே, அந்த வரிசையில் ஒன்று. மற்றவை பெரும்பாலும் ஸ்டுடியோவுக்குள். இதையோ ஸ்காட்லாந்தின் கிளாமிஸ் கோட்டையைச் சுற்றி, நிஜ மரங்களுக்கு நடுவே எடுத்திருக்கிறார்கள். மக்பெத் நாடகத்தில் வரும் அதே கிளாமிஸ்தான்!

எனக்கு அந்தக் காடு ஒட்டவே இல்லை, வசந்தி. கதை நடக்கிற ஆர்டன், வசனத்தில் முளைக்கிற காடு. அங்கே ஆலிவ் மரம் உண்டு, பெண் சிங்கம் உண்டு. காதலன் ஆர்லாண்டோவின் கவிதை பனைமரத்தில் கிடைத்தது என்று ரோசலிண்டே சொல்வாள். வெறும் மேடையில் இதையெல்லாம் மறுபேச்சில்லாமல் நம்பிவிடுகிறோம். நிஜப் புல்லையும் செடியையும் கண்ணெதிரே காட்டிவிட்டால் எப்படி நம்புவது? ரோசலிண்ட் காட்டில் ஆண் வேஷத்தில்தானே திரிகிறாள், மிரனின் அந்த வேஷமும் அந்தப் பகல் வெளிச்சத்தில் ஒரு நிமிஷம்கூட நிற்கவில்லை.

ஆனாலும் நான்காம் அங்கத்துக்காக நீ இதைப் பார்த்தே ஆக வேண்டும். சித்தப்பா மகள் சீலியாவைப் புரோகிதராக்கி ரோசலிண்டுக்கும் ஆர்லாண்டோவுக்கும் விளையாட்டுக் கல்யாணம் நடக்குமே, அந்த இடம். காதலுக்காக எந்த ஆணும் செத்ததில்லை என்று அவ்வளவு வாய் பேசுகிற ரோசலிண்ட், ஆர்லாண்டோ இரண்டு மணிக்குத் திரும்பி வருவதாகச் சொல்லிவிட்டுப் போனதும் சீலியாவிடம் உடைந்துபோகிறாள். எத்தனை ஆள் ஆழத்தில் நான் காதலில் மூழ்கிக் கிடக்கிறேன் தெரியுமா என்கிறாள். நாடக அரங்கில் இதைக் கடைசி வரிசைக்கும் கேட்கும்படி சொல்லியாக வேண்டும். டிவியில் அந்தக் கட்டாயமே கிடையாது. பக்கத்தில் இருக்கும் சீலியாவுக்கு மட்டும் சொன்னால் போதும், நமக்கும் கேட்டுவிடும். இந்த நாடகத்தை டிவிக்குக் கொண்டுவந்ததற்கு இந்த ஒரு இடமே போதும் என்பேன்.

சீலியாவாக ஆங்கராட் ரீஸ். பாதி நாடகம் பேசாமல் கேட்டுக்கொண்டே இருக்கிற பாத்திரம் அது. காலேஜில் நீ சீலியா கட்சி ஆயிற்றே. அவளை நன்றாகக் கவனித்துப் பார்த்து எழுது.

அன்புடன்,
மீனா