நம் வேன் பற்றி வாடிக்கையாளர்களுக்கு ஒரு மடல்

அன்புள்ள வாடிக்கையாளர்களுக்கு வணக்கம்.

நம் பன்னிரண்டு சீட் வேன் நாற்பது நாளாக ஸ்டாண்டில் ஏன் நிற்கவில்லை என்று பலர் போன் செய்து கேட்டீர்கள். சிலர் கேட்கவில்லை. வாட்ஸ்அப்பில் வந்த படத்தைப் பார்த்துத் தாங்களே முடிவுக்கு வந்துவிட்டார்கள். அந்தப் படத்துக்காகத்தான் இந்த மடல்.

படத்தில் இருப்பது நம் வேன்தான். அதற்கு முன்னால் அடுக்கியிருக்கும் மது பாட்டில்கள் நம்முடையவை அல்ல. புதுச்சேரியைச் சுற்றிப் பார்த்துவிட்டு ஊர் திரும்பிய ஒரு குழுவுக்கு அன்று வேனைக் கொடுத்திருந்தோம். பாட்டில்கள் அவர்களுடைய துணிப்பைகளில் இருந்தன. தமிழ்நாட்டு எல்லைச் சோதனைச் சாவடியில் பைகளைத் திறந்தபோதுதான் டிரைவருக்கே தெரியும். பாட்டில்களோடு வேனையும் பிடித்து வைத்துவிட்டார்கள். அன்று ஓட்டியவர் ஆக்டிங் டிரைவர். யாராக இருந்தாலும், ஏறுகிறவர் பையைத் திறந்து பார்க்க ஒரு டிரைவரால் முடியுமா? உங்கள் வீட்டுப் பெண்களின் பெட்டியைத் திறக்கச் சொன்னால் சம்மதிப்பீர்களா?

'சரக்கு கடத்துகிற டிராவல்ஸ்' என்று படத்தின் கீழே ஒரு வரி எழுதியிருக்கிறார்கள். என் அப்பா ஒற்றை அம்பாசிடரில் தொடங்கிய தொழில் இது. உங்கள் வீட்டுக் கல்யாணத்துக்கும் காதுகுத்துக்கும் வேளாங்கண்ணிக்கும் சபரிமலைக்கும் நம் வண்டிதான் வந்தது. பிரசவ வலி எடுத்த பெண்ணை நடுராத்திரியில் ஜிப்மருக்குக் கொண்டுபோய் விட்டிருக்கிறோம். அந்த ஒரு வரியைப் படித்த நாளிலிருந்து எனக்குச் சரியாகத் தூக்கமில்லை.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். 'வேன் பறிமுதல்' என்று செய்தி வந்ததால் எல்லாம் முடிந்துவிட்டது என்று நினைக்கிறார்கள். சாவடியில் வண்டியைப் பிடித்து வைப்பது வேறு, அதை அரசுடைமை ஆக்கி ஏலம் விடுவது வேறு. தமிழில் இரண்டையும் பறிமுதல் என்றே எழுதிவிடுகிறார்கள். நம் வேன் முதல் கட்டத்தில்தான் இருக்கிறது. 1937ஆம் ஆண்டின் தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டப்படி, வண்டியை அரசுடைமை ஆக்கும் முன் உரிமையாளருக்கு நோட்டீஸ் கொடுத்து, அவர் தரப்பைக் கேட்க வேண்டும். எனக்கு நோட்டீஸ் வந்தது, பதிலும் கொடுத்துவிட்டேன். எனக்குத் தெரியாமல் நடந்தது என்று சொன்னால் மட்டும் போதாது, எச்சரிக்கையாக இருந்தேன் என்றும் காட்ட வேண்டுமாம். வக்கீல் அதற்கான காகிதங்களைத் தேடச் சொல்லியிருக்கிறார்.

வழக்கு முடியும்வரை வண்டியை என் பொறுப்பில் விடும்படி மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மனு போட்டோம். தள்ளுபடி ஆனது. இப்போது உயர் நீதிமன்றத்துக்குப் போயிருக்கிறோம். பிடித்த வண்டிகளைக் காவல் நிலையத்தில் நெடுநாள் நிறுத்தி வைப்பதில் பயனில்லை, படம் எடுத்துக்கொண்டு, பத்திரமும் ஜாமீனும் வாங்கிக்கொண்டு கொடுத்துவிடலாம் என்று 2002இல் குஜராத் வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. மதுவிலக்கு வழக்குக்கும் அது பொருந்தும் என்பதுதான் நம் வாதம்.

சட்டமே தப்பு என்று நான் சொல்லவில்லை. 2024இல் கள்ளக்குறிச்சியில் 60 பேருக்கு மேல் விஷச்சாராயத்துக்குப் பலியானதை நாம் எல்லோரும் பார்த்தோம். சோதனை செய்யட்டும். ஆனால் வேன் வெயிலிலும் உப்புக்காற்றிலும் நிற்கிறது. பேட்டரி இறங்கிவிட்டது, டயர் காற்றுப் போய்விட்டது. தவணை, இன்சூரன்ஸ், பெர்மிட் கட்டணம் எதுவும் எனக்காக நிற்காது.

இந்த நாட்களில் துணை நின்றவர்களை மறக்க மாட்டேன். முகூர்த்த நாளில் தன் சொந்தக் காரின் சாவியைக் கொடுத்து 'உங்கள் பார்ட்டியை முதலில் அனுப்புங்கள்' என்றார் முத்தியால்பேட்டை வாடிக்கையாளர் ஒருவர். ஜாமீன் தேவைப்பட்டால் வருகிறேன் என்று இரண்டு பேர் தாங்களாகவே வந்து சொன்னார்கள். உங்கள் கால்களில் விழுந்து நன்றி சொல்ல வேண்டும்.

இனி எல்லை தாண்டும் ஒவ்வொரு பயணத்துக்கும், வண்டியில் மது இல்லை என்று ஒரு தாளில் கையெழுத்து வாங்குவோம். அடையாள அட்டை நகலும் வேண்டும். தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். பழைய வாடிக்கையாளரிடமும் கேட்போம், கேட்டாக வேண்டும். கிலோமீட்டருக்கு ஒரு ரூபாய் கூடியிருக்கிறது. வேனுக்கு முன்பணம் கொடுத்தவர்களுக்கு அடுத்த மாதக் கடைசிக்குள் திருப்பித் தருகிறோம்.

சிறிய வண்டிகள் இரண்டும் வழக்கம்போல ஓடுகின்றன. வேன் வந்ததும் முதலில் உங்களுக்குத்தான் சொல்வேன்.

என்றும் உங்கள்,
டிராவல்ஸ் உரிமையாளர்
புதுச்சேரி